ஒளிந்துகொள்ள ஒரு விளக்கு

கற்பனைக் கடல்களில் இருட்டுக்கு இடமே கிடைப்பதில்லை. ஜேம்ஸ் கேமரூன் 1989-ல் எடுத்த 'தி அபிஸ்' படத்தில், கடலடியில் வாழும் அந்நிய உயிர்கள் ஊதாவும் நீலமுமாக மின்னிக்கொண்டு வருகின்றன. அவரே 2022-ல் தந்த 'அவதார்' இரண்டாம் பாகத்தில் பண்டோராவின் கடல் இரவானால் விளக்கேற்றிக்கொள்கிறது. ஆங் லீயின் 'லைஃப் ஆஃப் பை' படத்தில் (2012) புதுச்சேரிப் பையன் தெப்பத்தில் மிதக்கும் கடல் முழுக்க ஜெல்லிமீன்கள் ஒளிர, அதைக் கிழித்துக்கொண்டு ஒளி சொட்டச் சொட்டத் திமிங்கிலம் ஒன்று துள்ளுகிறது. மாய உலக நாவல்களையும் கணினி விளையாட்டுகளையும் எடுத்துக்கொண்டாலும் இதே வார்ப்புதான். அந்த உயிர்கள் உடல் முழுக்க ஒளிரும், விடாமல் ஒளிரும், எல்லோரும் பார்க்கட்டும் என்றே ஒளிரும். கேமரூனுக்கு உண்மை தெரியாது என்று சொல்லிவிட முடியாது. 2012 மார்ச்சில் மரியானா அகழியின் அடிவரை, ஏறக்குறைய 10.9 கிலோமீட்டர் ஆழத்துக்குத் தனியாளாக இறங்கி வந்தவர் அவர். தெரிந்தே அழகைத் தேர்ந்தெடுத்திருக்கிறார். அதில் குற்றம் இல்லை. ஆனால் அந்த மூன்று பண்புகளையும் நிஜக் கடலோடு ஒப்பிட்டால் மூன்றும் தலைகீழாக நிற்கின்றன. நிஜக் கடலில் பெரும்பாலான வெளிச்சம் பார்வையிலிருந்து தப்புவதற்காகவே உண்டாக்கப்படுகிறது. இரவெல்லாம் அணையாமல் ஒளிரும் உயிர் ஒன்றைக் கண்டால், அது தின்னப்படுவதற்காகக் காத்திருக்கிறது என்று ஐயப்படுவதே நியாயம்.

முதலில் ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டும். ஒளிரும் உயிர்களின் எண்ணிக்கையில் கற்பனை மிகைப்படுத்தவே இல்லை. கலிஃபோர்னியாவின் மான்டெரே விரிகுடாவில் ஆளில்லா நீர்மூழ்கி வாகனங்கள் 17 ஆண்டுகளாகப் பதிவுசெய்த காணொளிகளை செவரீன் மார்த்தினியும் ஸ்டீவன் ஹாடக்கும் ஆராய்ந்து 2017-ல் வெளியிட்டார்கள். கடல்மட்டத்துக்குச் சற்றுக் கீழிருந்து 3,900 மீட்டர் ஆழம்வரை, மூன்றரை லட்சத்துக்கும் மேற்பட்ட உயிர்களின் பதிவு அது. அவற்றில் 76 விழுக்காடு ஒளி உண்டாக்கவல்ல இனங்களைச் சேர்ந்தவை. பரிணாமம் இந்தத் திறனை ஒரே ஒருமுறை கண்டுபிடித்து எல்லோருக்கும் பங்கிட்டதாகவும் தெரியவில்லை. உயிருலகில் ஒளிர்தல் தனித்தனியாகக் குறைந்தது 40 முறை தோன்றியிருக்கிறது, கதிர்த்துடுப்பு மீன்களில் மட்டுமே 27 முறை. ஆனால் மார்த்தினி, ஹாடக் கணக்கிட்ட முறையைக் கவனியுங்கள். வாகனத்தின் சொந்த விளக்குகள் எரியும்போது எந்த உயிரின் ஒளியும் கேமராவில் தெரியாது. எனவே கண்ணில் பட்ட உயிரை இனம் கண்டு, அந்த இனம் ஒளிரவல்லதா என்று ஏற்கெனவே அறிந்த தகவலோடு பொருத்திப் பார்த்தார்கள். எண்ணப்பட்டது திறனே தவிர வெளிச்சம் அல்ல. நான்கில் மூன்று உயிர்கள் எந்நேரமும் ஒளிர்ந்துகொண்டிருந்தால் ஆழ்கடல் ஆழ்கடலாகவே இருக்காது. விளக்குகளை அணைத்துவிட்டு அங்கே அசையாமல் நிற்கும் ஆய்வாளருக்குத் தெரிவது இருட்டு. கலம் நகர்ந்து எதன்மீதாவது இடிக்கும்போதுதான் பொறிகள் தெறிக்கின்றன.

நம் மனத்தில் பதிந்த படம் வேறு இடத்திலிருந்து வந்தது. மீன்காட்சியகங்களில் ஜெல்லிமீன்கள் நீலமாகச் சுடர்விடுவது தொட்டிக்குப் பின்னால் பொருத்திய மின்விளக்கின் வேலை. சீப்பு ஜெல்லிகளின் உடலில் வானவில்லாக ஓடும் வண்ணவரிகளும் சொந்த ஒளி அல்ல; அடிக்கும் மயிரிழைகளில் வெளிவிளக்கின் ஒளி சிதறுவதால் வருபவை. சீப்பு ஜெல்லிகள் பலவற்றுக்கு உண்மையிலேயே ஒளிரத் தெரியும், ஆனால் அது வேறு, தொட்டால் மட்டும் வரும் நீலம். ஒளிரும் ஜெல்லிமீன் என்றதும் எல்லோரும் சொல்லும் ஏக்குவோரியா கூட அப்படித்தான். 1961 கோடையில் அமெரிக்காவின் ஃபிரைடே ஹார்பர் ஆய்வுக்கூடத்தில் ஒசாமு ஷிமோமுரா அந்த ஜெல்லிமீன்களின் குடை விளிம்பை வெட்டியெடுத்துச் சாறு பிழிந்துகொண்டிருந்தார். ஒளி உண்டாக்கும் பொருளைப் பிரிக்க முடியாமல் திணறி, ஒருநாள் மீந்த சாற்றைக் கழுவுதொட்டியில் ஊற்றியபோது தொட்டி பளீரென நீலமாக ஒளிர்ந்தது. அங்கே வழிந்துகொண்டிருந்த கடல்நீரிலிருந்த கால்சியம்தான் காரணம். அந்தத் தடயம் ஏக்குவோரின் என்ற புரதத்துக்கும், அதனுடன் கிடைத்த பச்சை ஒளிர்புரதத்துக்கும், 2008-ன் நோபல் பரிசுக்கும் இட்டுச்சென்றது. நம் வாதத்துக்கு வேண்டியது அந்தக் கால்சியம். ஒளிக்கான சரக்கு முழுவதும் உடலில் தயாராக இருக்க, செல்லுக்குள் கால்சியம் பாயும்வரை ஒன்றும் நடக்காது. மற்ற உயிர்களிலும் வேதியியல் பொதுவாக இதே போக்குதான்: லூசிஃபெரின் என்னும் எரிபொருள் ஆக்ஸிஜனோடு சேர வேண்டும், லூசிஃபெரேஸ் என்னும் நொதி அதை நடத்திவைக்க வேண்டும், இவை சந்திக்கும் நேரத்தை நரம்போ செல்சவ்வோ முடிவுசெய்ய வேண்டும். விளக்கைவிட விசைக்கே உயிர்கள் அதிகம் செலவிட்டிருக்கின்றன. சும்மா அழகுக்கு எரியும் விளக்குக்கு இத்தனை காவல் எதற்கு?

கடலில் 200 மீட்டருக்கும் 1,000 மீட்டருக்கும் இடைப்பட்ட அந்தி மண்டலத்தில் ஒளிந்துகொள்ளப் பாறையில்லை, செடியில்லை, மண்ணில்லை. மேலிருந்து மங்கலான நீல வெளிச்சம் மட்டும் கசிந்து வருகிறது. விடியற்கால வானத்தில் பறக்கும் காக்கையின் நிறம் என்னவென்று யாரும் பார்ப்பதில்லை, அதன் கரிய உருவம்தான் தெரிகிறது. அந்தி மண்டலத்தில் ஒரு மீனைக் கீழிருந்து பார்க்கும் வேட்டைவிலங்குக்கும் அப்படியே. கோடாரி மீன் இதற்குக் கண்ட வழி, தன் வயிற்றடியில் வரிசையாக ஒளியுறுப்புகளைப் பொருத்தி, மேலிருந்து வரும் வெளிச்சம் எவ்வளவோ அவ்வளவே கீழ்நோக்கி வெளியிடுவது. நிழல் நிரம்பிவிடுகிறது, மீன் காணாமல் போகிறது. வயிற்று ஒளியின் பயன் இதுதான் என்று வில்லியம் கிளார்க் 1963-ல் முன்வைத்தபோது அது ஊகமாகவே இருந்தது. 1976-ல் ரிச்சர்ட் யங்கும் கிளைட் ரோப்பரும் உயிருள்ள ஆழ்கடல் கணவாய்களைக் கப்பலின் தொட்டியில் வைத்து, மேலே விளக்கைக் கூட்டியும் குறைத்தும் பார்த்தார்கள். கணவாய்கள் தங்கள் ஒளியையும் கூட்டிக் குறைத்தன. நான்கு ஆண்டுகள் கழித்து யங் கண்டது இன்னும் நுட்பமானது. தொட்டி நீரைக் குளிர்வித்தால் ஒரு நிறம், வெதுவெதுப்பாக்கினால் வேறு நிறம். பகலில் அவை இருக்கும் ஆழம் குளிர்ந்தது, அங்கே வந்து சேர்வது சூரிய ஒளியின் மிச்சம். இரவில் இரைதேடி ஏறிவரும் மேல்நீர் வெதுவெதுப்பானது, அங்கே விழுவது நிலவொளி. இரண்டின் சாயலும் வேறு என்பதால் வேடமும் வேறு.

மனிதர்களும் தனியாக இதே முடிவுக்கு வந்து சேர்ந்தார்கள் என்பதால் இந்த உத்தி பலிக்கும் என்பதை நம்பலாம். இரண்டாம் உலகப் போரில் நீர்மூழ்கிகளை நெருங்கும் விமானங்கள் வானத்தின் பின்னணியில் கரும்புள்ளியாகத் தெரிவதைத் தடுக்க, இறக்கைகளின் முன்விளிம்பில் விளக்குகளைப் பொருத்தி, அவற்றின் பிரகாசத்தை வானத்தோடு பொருத்தியது அமெரிக்கக் கடற்படையின் 'யெஹூதி' திட்டம். சோதனையில் 12 மைல் தொலைவிலேயே கண்ணில் பட்ட அவெஞ்சர் விமானம், விளக்குகளை ஏற்றியபின் 2 மைல் நெருங்கும்வரை தெரியவில்லை. ரேடார் வந்து அந்த அலங்காரத்தை வீணாக்கிவிட்டது. கடலில் ரேடார் இல்லாததால் கோடாரி மீனின் உத்தி நிலைத்திருக்கிறது. இது சின்ன மீன்களின் தந்திரம் என்றும் ஒதுக்க முடியாது. 1.8 மீட்டர்வரை வளரும் டலேஷியஸ் லிக்கா என்ற சுறா வயிற்றுப்புறம் ஒளிர்வதை நியூசிலாந்துக் கடலில் பிடித்த சுறாக்களைக் கொண்டு 2021-ல் பதிவுசெய்தார்கள். இதுவரை அறிந்த ஒளிரும் முதுகெலும்பிகளில் மிகப் பெரியது அது. பண்டோராவுக்கு அருகில் வரும் நிஜ விலங்கு இதுதான் எனலாம், ஆனால் அதன் ஒளி தன்னைக் காட்டுவதற்கு என்று யாரும் சொல்வதில்லை.

இனி, தொட்டால் தெறிக்கும் பொறிகள். 2019 ஆகஸ்டில் சென்னைக் கடற்கரையில் அலைகள் நீலமாக ஒளிர்ந்ததைப் பார்க்கக் கூட்டம் திரண்டது. நாக்டிலூகா என்ற ஒற்றைச் செல் உயிர் பெருகியதே அதற்குக் காரணம். அன்று எடுத்த படங்களைக் கூர்ந்து பார்த்தால் ஒளி அலை உடையும் கோட்டில் மட்டுமே இருக்கும். அதற்கப்பால், அதே உயிர்கள் நிறைந்த அமைதியான நீர், கருப்பு. இந்த வகை நுண்ணுயிர்களை மேய வரும் கோபிபாட் என்ற நுண்ணிய ஓட்டுயிர் ஒரு செல்லை இடித்ததும் அந்தச் செல் மின்னுகிறது. மின்னலால் கோபிபாட் திடுக்கிட்டு விலகலாம். அதைவிட, அந்த ஒளி கோபிபாடைத் தின்னும் மீனுக்கு அது இருக்குமிடத்தைக் காட்டிக்கொடுக்கிறது. 1993-ல் ஆப்ரஹாம்ஸ், டவுன்சென்ட் இருவரும் இருட்டுத் தொட்டிகளில் இதைச் சோதித்தபோது, ஒளிரும் நுண்ணுயிர்கள் இருந்த தொட்டியில் மீன்களிடம் அதிகக் கோபிபாடுகள் சிக்கின. திருடன் மேல் வெளிச்சம் அடித்து ஊரைக் கூட்டும் வேலை இது. அடோலா என்ற ஆழ்கடல் ஜெல்லிமீன் தாக்கப்பட்டால் உடலைச் சுற்றி நீல ஒளி சக்கரமாகச் சுழலும். எடித் விட்டர் அந்தச் சுழற்சியைப் போலி செய்து ஒரு மின்பொறியைச் செய்தார். மீன்களுக்குத் தெரியாத செவ்வொளிக் கேமராவுடன் அதை 2012-ல் ஜப்பானின் ஒகசவாரா தீவுகளுக்கு அருகே இறக்கியபோது, அதுவரை வாழிடத்தில் எந்தக் காணொளியிலும் சிக்காத ராட்சதக் கணவாய் தேடிக்கொண்டு வந்தது. ஜெல்லிமீனைத் தின்ன வரவில்லை, ஜெல்லிமீனைத் தின்பவரைத் தேடி வந்தது என்றே விட்டர் கருதுகிறார். இன்னும் சில உயிர்கள் வெளிச்சத்தைத் தங்கள் உடலிலிருந்தே கழற்றி எறிகின்றன. ஸ்விமா என்ற புழு பச்சை ஒளிக்குண்டுகளை உதறிவிட்டு இருட்டில் நழுவும். ஆக்டோபோட்யூத்திஸ் கணவாய் ஒளிரும் கைநுனியை எதிரியிடமே முறித்து விட்டுவிட்டுப் போகும். நீந்தும் கடல் வெள்ளரியான எனிப்னியாஸ்டிஸ் தன் ஒளிரும் மேல்தோலை உரித்து விடும், அது தாக்கியவன் மேல் ஒட்டிக்கொள்ளும். எங்கும் கணக்கு ஒன்றே: வெளிச்சம் என்மேல் இருக்கக் கூடாது, உன்மேல் இருக்க வேண்டும்.

எதிர்த்தரப்பின் உடலிலும் இதற்குச் சான்று இருக்கிறது. 2020-ல் கேரன் ஆஸ்பர்ன் குழுவினர் தங்கள்மேல் விழும் ஒளியில் 99.5 விழுக்காட்டுக்கு மேல் விழுங்கிவிடும் 16 ஆழ்கடல் மீன் இனங்களை விவரித்தார்கள். சூரியன் எட்டாத ஆழத்திலும் இத்தனை கருமை எதற்கு? அங்கே விழக்கூடிய ஒளி மற்ற உயிர்களுடையது மட்டும்தான். ஒளிரும் இரையைத் தின்னும் பல ஆழ்கடல் மீன்களின் இரைப்பைச் சுவர் கறுப்பாக இருப்பதும் அதனால்தான். விழுங்கிய இரை வயிற்றுக்குள் மின்னினால் விழுங்கியவர் அடுத்த இரையாகிவிடுவார். உடல் முழுக்கக் கண்ணாடியாக இருக்கும் சில சீப்பு ஜெல்லிகள்கூட வயிற்றை மட்டும் அடர்சிவப்பாக்கி மூடிவைத்திருக்கின்றன. ஒளிர்வது அங்கே பெருமையாக இருந்தால் வயிற்றுக்குத் திரை போடும் அவசியம் வந்திருக்காது.

இந்த இடத்தில் தூண்டில் மீனைக் கொண்டுவந்து நிறுத்துவார்கள். நெற்றியில் கம்பு, கம்பின் நுனியில் விளக்கு, பின்னால் பல் நிறைந்த வாய். பார்க்க வைக்கத்தானே அந்த விளக்கு? ஆம், விளக்கைப் பார்க்க வைக்க, மீனைப் பார்க்கவிடாமல் இருக்க. ஆஸ்பர்ன் பட்டியலில் மிகக் கரிய மீன் ஒரு தூண்டில் மீன்தான். விளக்குக்கு அருகில் இருக்கும் உடல் அதே விளக்கின் ஒளியில் தெரிந்துவிடக் கூடாது என்பதற்குத்தான் அந்தக் கருமை. உடலெங்கும் ஒளிரும் தூண்டில் மீன் பட்டினி கிடந்து சாகும். காதலை முன்வைக்கும் மறுப்பு இதைவிட வலுவானது, அதில் பாதியை நான் ஏற்கிறேன். கரீபியக் கடலில் எள்ளளவு ஓட்டுயிரான ஆஸ்டிரகாட் ஆண்கள், சூரியன் மறைந்தபின் சிறிது நேரம் இனத்துக்கு இனம் மாறும் வரிசையில் ஒளிப்புள்ளிகளை இட்டுக்கொண்டு நீந்துகின்றன, பெண்கள் அந்தப் புள்ளிகளைத் தொடர்ந்து வந்து சேர்கின்றன. ஐயமில்லை, இது பார்க்கப்படுவதற்கான ஒளி. ஆனால் ஒளிர்வது ஆண் அல்ல, அது நீரில் உமிழ்ந்துவிட்டுப் போன துளி. துளி மின்னும்போது ஆண் அடுத்த இடத்துக்கு நகர்ந்திருக்கும். காதலில்கூட உடலை இருட்டிலேயே வைத்துக்கொள்வது இந்த வழக்கின் வன்மையைக் கூட்டுகிறதே தவிரக் குறைக்கவில்லை.

வேதியியலாளர்கள் எழுப்பும் மறுப்பு வேறு மாதிரியானது. பல உயிர்கள் பயன்படுத்தும் சீலன்ட்ரசின் என்ற லூசிஃபெரின் செல்லைச் சேதப்படுத்தும் ஆக்ஸிஜன் வடிவங்களை அடக்கவல்லது. முதலில் அது மருந்தாக இருந்து, ஒளி பக்கவிளைவாகவே வந்திருக்கலாம் என்பது 1990-களில் எழுந்த வாதம். தோற்றத்தைப் பொறுத்தவரை இது சரியாகவே இருக்கலாம். ஆனால் பக்கவிளைவுக்குப் பின்னால் கண்ணாடிபோல் பிரதிபலிக்கும் அடுக்கு, முன்னால் வில்லை, அதற்கும் முன்னால் நிறவடிகட்டி என்று கோடாரி மீனின் ஒளியுறுப்பு அமைந்திருப்பதை அது விளக்காது. ஒன்று எப்படித் தோன்றியது என்பதும் எதற்காக நிலைத்தது என்பதும் தனித்தனிக் கேள்விகள்.

அப்படியானால் கடலில் விடாமல் ஒளிர்வது எதுவுமே இல்லையா? உண்டு, பாக்டீரியா. இங்கேதான் வாதம் முழுமை அடைகிறது. இந்தியப் பெருங்கடலில் இரவு முழுக்க, அலையே இல்லாமலும், அடிவானம்வரை கடல் பால்போல் வெளுத்து ஒளிர்வதை மாலுமிகள் நெடுங்காலமாகச் சொல்லிவந்தார்கள். ழூல் வெர்ன் 1870-ல் முடித்த நாவலில் நாட்டிலஸ் கப்பல் வங்காள விரிகுடாவின் வாயிலில் இப்படியொரு பாற்கடலைக் கடக்கிறது; காரணம் நுண்புழுக்கள் என்று வெர்ன் சொன்னது தவறு, நிகழ்வு மெய். 1985-ல் அரபிக்கடலில் ஓர் ஆய்வுக்கப்பல் பாற்கடலுக்குள்ளேயே நீர் முகந்தபோது, பாசித் திரள்கள்மேல் ஒட்டி வாழ்ந்த விப்ரியோ பாக்டீரியாக்கள் கிடைத்தன. 1995 ஜனவரியில் சோமாலியாவுக்கு அப்பால் 'லிமா' என்ற வணிகக் கப்பல் எழுதிவைத்த குறிப்பை எடுத்துக்கொண்டு ஸ்டீவன் மில்லர் பழைய செயற்கைக்கோள் படங்களைத் துழாவினார். 15,400 சதுர கிலோமீட்டர் ஒளிப்பரப்பு அவற்றில் பதிவாகியிருந்தது. 2019-ல் ஜாவாவுக்குத் தெற்கே விரிந்தது ஒரு லட்சம் சதுர கிலோமீட்டரைத் தாண்டியது, அதாவது தமிழ்நாட்டின் பரப்பில் முக்கால் பங்குக்கும் மேல். பாக்டீரியாவிடமும் ஒருவகை விசை உண்டு: தனியாக மிதக்கும்போது வீணாக ஒளிராது, அக்கம்பக்கம் தன் கூட்டம் போதிய அளவு நெருங்கிவிட்டதை வேதிக்குறிப்பால் உணர்ந்தபின்தான் ஏற்றும். ஏற்றியபின் அணைப்பதில்லை. ஏன் அணைக்க வேண்டும்? கடலில் மிதக்கும் துகளில் வாழும் பாக்டீரியாவுக்கு மீனின் குடலைவிடச் செழிப்பான வீடு கிடையாது. 2012-ல் இஸ்ரேல் ஆய்வாளர்கள் செய்த சோதனையில், ஒளிரும் பாக்டீரியாவைத் தின்ற மிதவையுயிர்கள் தாமும் ஒளிரத் தொடங்கின. இருட்டில் இரைதேடும் மீன்கள் அப்படி ஒளிர்ந்தவற்றைப் பொறுக்கித் தின்றன. பாக்டீரியாவோ குடலைக் கடந்து உயிரோடு வெளியே வந்தது. விடாமல் ஒளிர்வதில் எந்த நஷ்டமும் இல்லாத உயிர், தின்னப்படுவதால் லாபம் அடையும் உயிர்தான். இந்த பாக்டீரியாவை வாடகைக்கு வைத்திருக்கும் விலங்குகள் படும் பாட்டைப் பார்த்தாலே மிச்சம் புரியும். கண்ணுக்குக் கீழே பாக்டீரியா விளக்கு வைத்திருக்கும் ஃபோட்டோபிளெஃபரான் மீன் அதை மூட இமை ஒன்றை வளர்த்துக்கொண்டது. அதன் உறவான அனோமலாப்ஸ் விளக்கையே உள்பக்கம் திருப்பிவிடுகிறது. ஹவாயின் குட்டைக் கணவாய் இரவுவேலை முடிந்ததும் விடியலில் தன் பாக்டீரியாவில் 95 விழுக்காட்டை வெளியே தள்ளிவிட்டு மணலுக்குள் புதைந்துகொள்கிறது.

கற்பனை உலகத்துக்கு நம் கடலின் சட்டம் எதற்கு என்று ஒரு நாவலாசிரியர் கேட்கலாம். நியாயமான கேள்வி. ஆனால் மேலே சொன்னவற்றில் பூமிக்கே உரியது மிகக் குறைவு. ஒளி ஊடுருவும் நீர், கண், பசி ஆகிய மூன்றும் இருந்தால் போதும், மீதியெல்லாம் தானே வந்து சேரும். எந்தக் கடல் என்பதைப் பொறுத்து விவரங்கள் மாறும், அங்கேதான் கற்பனைக்கு வேலை. பனிக்கூரைக்கு அடியில் சூரியனே காணாத கடலைப் படைத்தால், நிழலை மறைக்கும் வயிற்று விளக்கு தேவையற்றுப்போகும். நம் கடலிலும் 1,000 மீட்டருக்குக் கீழே வாழும் மீன்களில் அது அருகிவிடுகிறது, தூண்டிலும் அபாய மின்னலும் மிஞ்சுகின்றன. நிறத்தையும் நீரே முடிவுசெய்யும். தெளிந்த கடல்நீரில் அதிகத் தொலைவு செல்வது சுமார் 475 நானோமீட்டர் நீலம், அதனால்தான் பெரும்பாலான கடல் ஒளியும் கண்களும் அந்த நிறத்தைச் சுற்றியே அமைந்திருக்கின்றன. சிவப்பு வெகுதூரம் போகாது, மற்றவர்களுக்குத் தெரியவும் தெரியாது. மாலக்கோஸ்டியஸ் என்ற மீன் இதைச் சாதகமாக்கிக்கொண்டு கண்ணடியில் செவ்விளக்கு ஏற்றி, இரைக்குத் தெரியாமல் இரையைப் பார்க்கிறது. அந்தச் சிவப்பை அதன் கண் உணர உதவுவது பச்சையத்திலிருந்து வந்த ஒரு பொருள். எந்த முதுகெலும்பியும் பச்சையத்தைத் தானே செய்துகொள்வதில்லை என்பதால் அது உணவுவழியே வந்திருக்க வேண்டும். இந்தக் கடைசித் தகவலை மாய உலகங்கள் முற்றிலும் மறந்துவிடுகின்றன. ஒளி பல சமயம் கடன்சரக்கு. லூசிஃபெரின் இல்லாத தீனி கொடுத்து வளர்த்த ஏக்குவோரியா ஜெல்லிமீன்கள் ஒளிரவில்லை என்று ஹாடக் குழுவினர் 2001-ல் காட்டினார்கள். அமெரிக்காவின் மேற்குக் கரையில் வாழும் மிட்ஷிப்மேன் மீனுக்கு வயிற்றில் நூற்றுக்கணக்கான ஒளியுறுப்புகள் உண்டு. தெற்கே அவை வேலை செய்கின்றன, வடக்கே பியூஜெட் சவுண்டில் வாழும் அதே இனத்தில் உறுப்புகள் குறைவின்றி இருந்தும் ஒளி வருவதில்லை. வடக்கே அதன் இரையான ஒளிரும் ஆஸ்டிரகாட் இல்லை. அந்த வடக்கத்தி மீனைப் பிடித்து ஆஸ்டிரகாட் ஊட்டினால் ஒளிரத் தொடங்கிவிடுகிறது. எனவே புதிதாக ஒளிரும் உயிர் ஒன்றை எழுத உட்காருபவர் அதன் நிறத்தையும் உருவத்தையும் தீர்மானிப்பதற்கு முன்னால், அது யாரைத் தின்கிறது, அதைத் தின்ன யார் சுற்றுகிறார்கள் என்ற இரண்டு பட்டியல்களைப் போட்டுக்கொள்ள வேண்டியிருக்கும். எந்த நேரத்தில் விளக்கை அணைக்க வேண்டும் என்பது இரண்டாவது பட்டியலிலிருந்து கிடைத்துவிடும்.